கம்பெனியை மூடப்போகிறார்களாமே?

கேள்வி: பர்கூர் பக்கம் 12 வருடமாக கிரானைட் பாலிஷ் யூனிட் நடத்துகிறேன். 34 பேர் வேலை செய்கிறார்கள். நான்கு மாதமாக ஏற்றுமதி ஆர்டர் பாதிதான் வருகிறது, ஒரு மெஷினை விற்றேன். அன்றிலிருந்து "தீபாவளிக்கு முன்னாடி மூடிடுவாங்க" என்று ஒரே பேச்சு. இரண்டு ஆபரேட்டர்கள் ஓசூருக்குப் போய்விட்டார்கள். பேச்சைக் கிளப்புவது பழைய கட்டிங் ஆபரேட்டர் ஒருவர் என்கிறார் சூப்பர்வைசர். அவரை நிறுத்திவிடலாமா?

பதில்: வேண்டாம். நிறுத்திய மறுநாள் காலை டீக்கடையில் "பாத்தியா, ஆள் குறைப்பு ஆரம்பிச்சாச்சு" என்பார்கள். நீங்களே வதந்திக்குக் கையெழுத்துப் போட்ட மாதிரி ஆகிவிடும்.

யோசித்தால் அது முழுக்க வதந்தியும் இல்லை. மெஷின் இருந்த இடத்தில் போல்ட் பிடுங்கிய ஓட்டைகள் அப்படியே கிடக்கும், ஓவர்டைம் இருக்காது, யார்டில் கல் பிளாக் குறைந்திருக்கும். தினமும் இதைப் பார்க்கிறவரிடம் நீங்கள் வாய் திறக்காவிட்டால் அவரே ஒரு காரணம் கண்டுபிடித்துக்கொள்வார், அது உண்மையைவிட மோசமாகத்தான் இருக்கும்.

மாங்கூழ் ஆலை ஒன்றில் நான் கணக்குப் பார்த்த காலத்தில், 'வதந்தி பரப்பினால் நடவடிக்கை' என்று நோட்டீஸ் ஒட்டினார்கள். சாயங்காலத்துக்குள் அதன் போட்டோ கிருஷ்ணகிரி முழுக்கச் சுற்றியது. பேசாமல் இருந்தவர்களும் பேச ஆரம்பித்தார்கள்.

ஷிப்ட் மாறும் நேரத்தில் எல்லோரையும் யார்டில் நிற்கவைத்துப் பத்து நிமிடம் நீங்களே பேசுங்கள், வாட்ஸ்அப் வேண்டாம். மெஷினை ஏன் விற்றீர்கள், கையில் எத்தனை ஆர்டர், எந்த மாதம் வரை சம்பளத்துக்குப் பணம் இருக்கிறது, இதைச் சொல்லுங்கள். தெரியாததைத் தெரியாது என்றே சொல்லிவிட்டு, அடுத்து எந்தத் தேதியில் பேசுவீர்கள் என்றும் சொல்லுங்கள். "ஒருத்தரையும் எடுக்க மாட்டேன்" என்று மட்டும் சத்தியம் செய்யாதீர்கள், மாறினால் அப்புறம் எதைச் சொன்னாலும் நம்ப மாட்டார்கள். வடமாநில ஆட்கள் இருந்தால் அதையே இந்தியில் சொல்ல ஒருவரைப் பக்கத்தில் வைத்துக்கொள்ளுங்கள்.

போனஸையும் அன்றே பேசிவிடுங்கள். 20 பேரோ அதற்கு மேலோ உள்ள உங்களைப் போன்ற பழைய யூனிட்டில், தகுதியுள்ளவர்களுக்கு லாபம் வராத வருடத்திலும் குறைந்தபட்சம் 8.33 சதவீதம் தரவேண்டும். தீபாவளிப் பேச்சின் பாதி பயம் இதில்தான் இருக்கும்.

பி.எஃப். விஷயத்தில் ரொம்பக் கவனம். அடுத்த மாதம் 15-ம் தேதிக்குள் கட்டவேண்டியது அது. நெருக்கடியில் முதலாளிகள் முதலில் தள்ளிப்போடுவது அதைத்தான், ஆனால் அரசின் உமங் ஆப்பில் பி.எஃப். பாஸ்புக்கைத் திறந்தால் ஊழியருக்குத் தெரிந்துவிடும். ஒருவர் பார்த்தால் போதும், மதியச் சாப்பாட்டுக்குள் 34 பேருக்கும் தெரியும்.

சரி, அந்தக் கட்டிங் ஆபரேட்டர். மற்றவர்கள் அவர் பேச்சைக் கேட்கிறார்கள் என்றால் அவர்மேல் நம்பிக்கை இருக்கிறது என்றுதான் அர்த்தம். கூட்டத்துக்கு முந்தின நாள் தனியாகக் கூப்பிட்டு, "வெளியே என்னண்ணே பேசிக்கிறாங்க?" என்று கேளுங்கள். அவர் சொல்வதைச் சூப்பர்வைசரிடம் போய்ச் சொல்லிவிடாதீர்கள்.