‘மானே’ என்று கூப்பிட்ட அன்று

தம்பி, பாண்டுங் பக்கம் நூல் மில்லில் வேலை கிடைத்திருக்கிறது, அடுத்த மாதம் கிளம்புகிறேன் என்று எழுதியிருந்தீர்கள். விசா, வாடகை, சைவச் சாப்பாடு எல்லாம் கேட்டுவிட்டுக் கடைசியில் ஒரு வரி: “மொழியைப் பற்றிக் கவலையில்லை அண்ணா, இந்தோனேசிய வைரல் வீடியோ பார்த்தே குவே, லோ, அஞ்சிர், பாப்பர் எல்லாம் பிடித்துக்கொண்டேன், போதும்தானே?” அந்த ஒரு வரிக்காகத்தான் பதில் எழுத உட்கார்ந்தேன்.

மற்றதெல்லாம் தானாக நடந்துவிடும். கிடாஸ் என்கிற தங்கும் அனுமதியை மில் ஆபீஸ் பார்த்துக்கொள்ளும். வீட்டை வந்து பார்த்துத்தான் பிடிக்க வேண்டும். சோயாவில் செய்கிற தெம்பேயும் தாஹுவும் (நம்மூர் டோஃபு) தெருவுக்குத் தெரு கிடைக்கும். சம்பல் என்கிற மிளகாய்த் துவையலில் மட்டும் தெராசி என்ற இறால் விழுது சேர்த்திருப்பார்கள், கேட்டுவிட்டுச் சாப்பிடுங்கள். அவ்வளவுதான்.

மொழிக்கு வருகிறேன். போதாது, தம்பி. அதை மட்டும் வைத்துக்கொண்டு வந்து இறங்கினால் வம்பு.

குவே, லோ என்பவை ஜகார்த்தாக்காரர்களின் ‘நான், நீ’. ஹொக்கியன் சீனத்திலிருந்து வந்த சொற்கள். கூட்டாளிகளுக்குள் சரி. அதே ஜகார்த்தாவில் ஒரு பையன் ஒரு பெண்ணிடம் குவே-லோவை விட்டுவிட்டு ஆக்கு-காமு (இதுவும் ‘நான், நீ’தான்) என்று பேச ஆரம்பித்தால் காதல் என்றே எடுத்துக்கொள்வார்கள். வேறு பல ஊர்களில் ஆக்கு-காமு சாதாரணப் பேச்சு. பாப்பர் என்பது ‘பாவா பெராசாஅன்’, எதையும் மனதில் ஏற்றிக்கொள்வது. மாகர் என்பது ‘மாலஸ் கெராக்’, அசையச் சோம்பல். சொல்லை வெட்டி ஒட்டுவதிலும் திருப்பிப் போடுவதிலும் இந்தப் பிள்ளைகள் கெட்டிக்காரர்கள். ‘முடியும்’ என்கிற பீசாவைத் திருப்பிப் போட்டு சாபி ஆக்கிவிட்டார்கள். 2018 வாக்கில் தென் ஜகார்த்தாப் பிள்ளைகளின் பேச்சு நாடு முழுக்கப் பரவியது: இந்தோனேசிய வாக்கியத்துக்கு நடுவே விச் இஸ், லிட்டரலி, பேசிக்கலி. கேட்டால் நம் சென்னைக் கல்லூரி வாசலில் நிற்கிற மாதிரி இருக்கும். இதையெல்லாம் தெரிந்துகொள்ளுங்கள். கேட்க எனக்கும் ஆசைதான். காதோடு வைத்துக்கொள்ளுங்கள், வாய்க்குக் கொண்டுவராதீர்கள்.

குறிப்பாக அந்த அஞ்சிர். அஞ்சிங் என்றால் நாய். வசையை மழுப்பிச் சொல்வதுதான் அஞ்சிர். அதை இன்னும் மழுப்பி அஞ்சாய். 2020இல் அஞ்சாய் என்ற சொல்லை விட்டுவிடுங்கள் என்று குழந்தைகள் பாதுகாப்பு அமைப்பு ஒன்று அறிக்கையே விட்டது, நாடே அதைப் பற்றி வாதாடியது. இங்கே பிறந்தவர்களுக்கே எங்கே சொல்லலாம், எங்கே கூடாது என்று முடிவாகாத சொல்லை, நேற்று வந்த நாம் எடுத்துப் பேசலாமா?

நான் பட்டதைச் சொல்கிறேன். 2013 செப்டம்பரில் மஜலாயாவில் வந்து இறங்கினேன். பாண்டுங்குக்குத் தென்கிழக்கே நெசவு ஊர். அப்போது எல்லார் போனிலும் ஒரே டிவி பேட்டி ஓடிக்கொண்டிருந்தது. நிச்சயதார்த்தம் முடித்த ஒருவர் ‘கொந்த்ரோவெர்சி ஹாத்தி’ (மனச் சர்ச்சை), ‘லாபில் எகோனோமி’ (தள்ளாடும் பொருளாதாரம்) என்று பொருந்தாத பெரிய பெரிய சொற்களாக அடுக்குவார், நடுவே ‘ட்வென்டி நைன் மை ஏஜ்’ என்பார். ஊரே அதைக் கேலி செய்துகொண்டிருந்தது எனக்குப் புரியவில்லை. படித்தவர் பேச்சு என்று நம்பி, ஷிப்ட் மீட்டிங்கில் பஞ்சு விலையைப் பற்றிச் சொல்லும்போது லாபில் எகோனோமி என்றேன். அறையே சிரித்தது. அன்று ராத்திரி ஊருக்குத் திரும்பிவிடலாமா என்றுகூட நினைத்தேன். ஆனாலும் அது சிரிப்போடு போயிற்று.

அடுத்தது அப்படிப் போகவில்லை. மஜலாயாவில் வீட்டுமொழி சுண்டா. சினிமாத் துண்டுகளுக்குச் சுண்டாவில் குரல் கொடுத்த வேடிக்கை வீடியோக்கள் கேன்டீனில் போனுக்குப் போன் கைமாறும். அதில் வார்த்தைக்கு வார்த்தை ‘மானே’ என்று வரும். நம் காதுக்கு எவ்வளவு இனிக்கிற சொல்! ‘நீ’ என்று பொருள் தெரிந்ததும் அப்படியே எடுத்துக்கொண்டேன்.

எங்கள் ரிங் ஃபிரேம் என்கிற நூற்பு மெஷின் பகுதியில் பெரியவர் ஒருவர், ஃபிட்டர், ஐம்பத்தைந்து வயது இருக்கும். ஒரு மதியம் மெஷின் அடியிலிருந்து எழுந்து, வேஸ்ட் பஞ்சால் ஒவ்வொரு விரலாகக் கிரீஸைத் துடைத்துக்கொண்டிருந்தார். பிரியமாகக் கேட்கிறேன் என்று நினைத்து, “கெஸ் தஹார், மானே?” என்றேன். சாப்பிட்டாச்சா என்றுதான் கேட்டேன். துடைத்த கை நின்றது. என்னை நிமிர்ந்து பார்க்கவில்லை. பஞ்சைச் சுருட்டிச் சட்டைப்பையில் வைத்தார், ஸ்பேனரை எடுத்துக்கொண்டு போய்விட்டார். நாலு நாள் என்னோடு ஒரு வார்த்தை பேசவில்லை.

கேன்டீன் அக்காதான் விளக்கினார். மானே என்பது ஒத்த வயதுக் கூட்டாளியைச் சொல்வது. அப்பா வயதுக்காரரிடம் சொன்னால், “தின்னாச்சாடா?” என்று நாம் கேட்கிற மாதிரி. நான் சாப்பிட்டால் நெடா, பெரியவர் சாப்பிட்டால் துஆங், கூட்டாளிகளுக்குள் தஹார். “தோஸ் துஆங், பா?” என்று கேட்டிருக்க வேண்டும். இந்தப் ‘பா’ நம் ‘ப்பா’ இல்லை, ‘ஐயா’ மாதிரி மரியாதைச் சொல். நம் ‘வாங்க’வும் ‘வாடா’வும் தெரிந்த எனக்கு அது முன்பே தோன்றியிருக்க வேண்டும். அதுதான் இன்றைக்கும் உறுத்துகிறது. ஐந்தாம் நாள் அவர் முன்னால் போய் நின்று “ஹப்பூந்தென், பா” என்று மன்னிப்புக் கேட்டேன். தலையை ஆட்டினார். அன்றிலிருந்து எனக்குச் சுண்டா வாத்தியார் அவர்தான். இப்போது போனில் பேசினால் என்னை மஜலாயாக்காரன் என்றே பலர் நினைக்கிறார்கள். சொல்லிக்கொள்ளப் பெருமையாகத்தான் இருக்கிறது.

நம்மவர்கள் சிலரைப் பார்க்கும்போதுதான் வருத்தம். இருபது வருடம் இருந்துவிட்டு, இன்னமும் டிரைவரிடம் அம்பில், சினி, செப்பாத் (எடு, இங்கே, சீக்கிரம்) என்று ஏவல் சொற்களை மட்டும் வீசுகிறார்கள். புதிதாக வரும் பையன்களோ வசையை முதலில் கற்றுக்கொண்டு, ஊர்க்காரர் பேச்சைப் போலவே பேசி வீடியோ போடுகிறார்கள். அதில் இன்னொரு ஆபத்தும் இருக்கிறது. இங்கே 2008இல் வந்த மின்னணுத் தகவல் சட்டம் ஒன்று உண்டு. 2016லும் 2024லும் திருத்தினார்கள். இணையத்தில் ஒருவரை இழிவாகப் பேசினால் வழக்கே வரும். வேலை அனுமதியில் இருக்கிறவருக்கு அந்த விளையாட்டு வேண்டாம்.

முதல் ஆறு மாதம் சாயா (மரியாதையான ‘நான்’), பாக் (ஐயா), இபூ (அம்மா) போதும். யாரையாவது தாண்டிப் போகும்போது கொஞ்சம் குனிந்து “புந்தென்” என்று சொல்லிவிட்டுப் போங்கள். “மங்கா” என்று பதில் வரும். போங்கள், வாருங்கள், எடுத்துக்கொள்ளுங்கள், எல்லாவற்றுக்கும் அந்த ஒரு சொல்தான்.

பெரியவர் ரிட்டயர் ஆன வருடம், நவம்பர், மாம்பழக் காலம். அவர் வீட்டு வாசலில் நின்று புந்தென் என்றேன். உள்ளேயிருந்து மங்கா என்றார். திண்ணையில் உட்கார வைத்து, முற்றத்து மரத்துப் பழத்தை நறுக்கிக்கொண்டு வந்தார். இந்தோனேசியத்தில் மாம்பழத்துக்கும் மங்கா என்றுதான் பெயர், அது எங்கள் மாங்காயிலிருந்து வந்த சொல் என்று சொன்னேன். அவருக்கு நம்பிக்கை வரவில்லை. மாங்காய், மாங்காய் என்று இரண்டு முறை என்னைச் சொல்லச் சொல்லிக் கேட்டார். அப்புறம் தட்டை என் பக்கம் தள்ளி, “மங்கா, பா” என்றார்.