கேரளத்தின் சைலன்ட் வேலியில் ஓடும் குந்திப்புழா மலையாறாக இருந்தும் ஏன் இவ்வளவு நிதானமாகப் போகிறது? அது பவானியில்தான் கலக்கிறதா?

இரண்டாவது கேள்வியை முதலில் முடித்துவிடுகிறேன். கலக்காது. கோவையிலிருந்து ஆனைகட்டி, அகளி வழியாக, சைலன்ட் வேலியின் நுழைவாயிலான முக்காலிக்குப் போகிறவர்கள் வழியில் பவானியைப் பார்த்துக்கொண்டே போவதால் இந்தக் குழப்பம் வருகிறது. எனக்குத் தெரிந்த பலரே அப்படித்தான் நினைத்துக்கொண்டிருக்கிறார்கள்.

இரண்டு ஆறுகளும் நீலகிரியின் தென்மேற்கு ஓரத்தில் பிறந்து தெற்கே இறங்குபவை. நடுவில் இருப்பது ஒரு மலைத்தொடர்தான். பவானி முக்காலிக்கு வந்ததும் சட்டென்று வடகிழக்கே திரும்பி, அட்டப்பாடியைக் கடந்து தமிழ்நாட்டுக்குள் நுழைந்து காவிரியோடு சேர்கிறது. குந்தி அப்படித் திரும்புவதில்லை. மண்ணார்க்காட்டுப் பக்கம் இறங்கி, தூதப்புழா வழியாகப் பாரதப்புழாவை அடைந்து, பொன்னானியில் அரபிக்கடலுக்குப் போகிறது. முகட்டுக்கு இந்தப் பக்கம் விழும் மழை வங்கக் கடலுக்கு, அந்தப் பக்கம் விழுவது அரபிக்கடலுக்கு.

சரி, நிதானத்துக்கு வருவோம். குந்தி எல்லா இடத்திலும் நிதானமில்லை. சுமார் 2,400 மீட்டர் உயரத்தில், புல்வெளியும் சோலையுமான உச்சியில் தொடங்கி மடமடவென்று இறங்குகிறது. பள்ளத்தாக்கில் அதன் படுகை 12 கிலோமீட்டர் தூரத்தில் 1,861 மீட்டரிலிருந்து 900 மீட்டருக்கு வருகிறது. ஆனால் இதில் கடைசி 8 கிலோமீட்டரில் இறங்குவது வெறும் 60 மீட்டர். மீதி இறக்கம் முழுவதையும் முதல் 4 கிலோமீட்டரிலேயே முடித்துவிடுகிறது! பூங்காவுக்குள் பார்வையாளர்கள் போகும் சைரந்திரியில் நின்று நாம் பார்ப்பது அந்தச் சமதளத் துண்டைத்தான். அதற்குத் தெற்கே ஒரு குறுகலான மலை இடுக்கில் புகுந்து மறுபடியும் அருவியாகக் கீழே பாய்கிறது.

ஆறு தேசியப் பூங்காவை வடக்கு தெற்காக இரண்டாகப் பிரிக்கிறது. கிழக்கே சுமார் 2 கிலோமீட்டர் அகலம், மேற்கே 5 கிலோமீட்டர். ஆழம் குறைவு. அகன்ற வெள்ளச் சமவெளியெல்லாம் கிடையாது, கரையை ஒட்டியே காடு. நீர்ப்பிடிப்புப் பகுதியில் ஊரோ தோட்டமோ இல்லாததால் பூச்சிமருந்தும் சாக்கடையும் வந்து சேர்வதில்லை. மழை இல்லாத நாட்களில் போனால் அடியில் கிடக்கும் கூழாங்கல் வரை தெரியும்.

வேடிக்கை என்னவென்றால், இந்த அமைப்புதான் ஆற்றுக்கு ஆபத்தாகவும் வந்தது. கிட்டத்தட்ட மட்டமான ஒரு பள்ளத்தாக்கு, அதன் வாயில் ஒரு குறுகல், அதற்கப்புறம் செங்குத்தான இறக்கம். அணை கட்டுகிறவர்கள் தேடி அலைவது இதைத்தானே? இடுக்கை அடைத்தால் தண்ணீர் பின்னால் நெடுந்தூரம் தேங்கும், கீழே விட்டால் மின்சாரம். ஆனால் அந்தத் தண்ணீர் தேங்கும் இடம் சிங்கவால் குரங்கு வாழும் மழைக்காடு. 1970களில் கிளம்பிய நீர்மின் திட்டம் நாடு தழுவிய எதிர்ப்புக்குப் பிறகு கைவிடப்பட்டது. 1984இல் தேசியப் பூங்காவாக அறிவித்தார்கள்.

அதோடு ஆசை அடங்கிவிடவில்லை. 2000க்குப் பிறகு, பழைய அணையிடத்துக்குச் சற்றுக் கீழே, பாத்ரக்கடவில் இன்னொரு திட்டம் போட்டார்கள். அதற்கும் எதிர்ப்பு வந்தது. 2007இல் பூங்காவைச் சுற்றி 148 சதுர கிலோமீட்டரைக் காப்பு வளையமாக ஒதுக்கக் கேரள அரசு முடிவெடுத்தது.