பழைய பத்திரிகைச் சிரிப்பும் கேலிச்சித்திரமும்: கேள்வி பதில்

நங்கநல்லூர் வாசகர்: தமிழில் முதலில் அரசியல் கார்ட்டூன் போட்டது ஆனந்த விகடன்தானே சார்?

இல்லை. 1906-ல் சென்னையில் தொடங்கிய, பாரதியார் நடத்திய ‘இந்தியா’ வாரப் பத்திரிகையிலேயே அரசியல் கேலிச்சித்திரங்கள் வந்துவிட்டன. விகடன் பிறந்ததே 1926-ல்தான். 1928-ல் எஸ்.எஸ்.வாசன் வாங்கிய பிறகுதான் அது வீடு வீடாகப் போனது.

மயிலாப்பூர் வாசகி: விகடன் ஓவியர்கள் மாலி, கோபுலு, இருவரில் யார் உசத்தி?

தராசில் வைக்க மனம் வரவில்லை அம்மா. மாலி நாலு கோட்டில் ஒரு சங்கீத வித்வானை உட்கார வைத்துவிடுவார். முகம் தெரியாவிட்டாலும் அந்த உட்காரும் தோரணையே ஆளைச் சொல்லிவிடும். கோபுலு வசனமே இல்லாமல் ஜோக் வரைந்தவர். அதோடு ‘தில்லானா மோகனாம்பாள்’ தொடருக்கு அவர் வரைந்த முகங்கள்! கதையோடு அப்படியே ஒட்டிக்கொண்டவை.

அந்தக் காலத்து அச்சையும் நினைத்துப் பாருங்கள். படத்தை உலோக பிளாக்காக எடுத்து, மட்டமான காகிதத்தில் அடிப்பார்கள். சாம்பல் நிறம் புள்ளிபுள்ளியாகி அப்பிக்கொள்ளும். சுத்தமான கோடுதான் பிழைக்கும். கோட்டிலேயே எல்லாவற்றையும் சொல்லத் தெரிந்தவர்கள் இவர்கள். கோபுலுதான் எனக்கு ஒரு பிடி கூடுதலாகப் பிடிக்கும், சரி, சொல்லிவிட்டேன்.

குரோம்பேட்டை வாசகர்: ‘ரெட்டைவால் ரங்குடு’ கார்ட்டூன் பாத்திரத்தை வரைந்தது யார்?

மதன். முன்ஜாக்கிரதை முத்தண்ணாவும் அவர் கைவண்ணம்தான்.

பெரம்பூர் வாசகி: பாட்டி தொடர்கதைகளைக் கிழித்து பைண்டு செய்து வைத்திருக்கிறார். பிரித்து லேமினேட் செய்யலாமா?

தயவுசெய்து வேண்டாம். லேமினேஷனைத் திரும்ப எடுக்க முடியாது. செல்லோடேப்பும் கூடாது, அதன் பசை பழுப்பேறிக் காகிதத்தைத் தின்றுவிடும். துருப்பிடித்த ஸ்டேப்ளர் பின் இருந்தால் மெதுவாக எடுத்துவிட்டு, ஈரம் படாத அலமாரியில் படுக்க வையுங்கள்.

கதையை மட்டும் பார்க்காமல் பக்கத்தின் பின்புறத்தையும் பாருங்கள். எத்தனையோ ஜோக்குகள் இப்படித் தொடர்கதையின் முதுகில் ஏறித்தான் நம்மிடம் வந்து சேர்ந்திருக்கின்றன. அட்டை போய்விட்டதால் தேதி தெரியாது. விளம்பரம் கைகொடுக்கும்: ‘சந்திரலேகா’ சினிமாவின் வெளியீட்டு விளம்பரம் இருந்தால் அது 1948-ஐ ஒட்டிய இதழ்.

அண்ணா நகர் வாசகர்: ஒரு ஜோக்குக்காக ஆசிரியரைச் சிறையில் போட்டார்களாமே?

உண்மைதான். 1987-ல் எம்.எல்.ஏ., மந்திரிகளைக் கிண்டல் செய்த அட்டைப்பட ஜோக்குக்காக விகடன் ஆசிரியர் எஸ்.பாலசுப்ரமணியனுக்குச் சட்டமன்றம் மூன்று மாதச் சிறை விதித்தது. கடும் எதிர்ப்பு கிளம்பவே, சில நாளில் விடுவித்தார்கள். சிரிப்புக்குச் சிறை என்பதை இன்றும் என்னால் ஏற்க முடியவில்லை.

திருவான்மியூர் வாசகர்: பழைய இதழ்களை எங்கே பார்ப்பது?

உங்களுக்குப் பக்கத்திலேயே, தரமணியில் ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகம் இருக்கிறது. எந்தப் பத்திரிகை, எந்த வருஷம் என்று குறித்துக்கொண்டு போனால் தேடுவது சுலபம்.