தீட்டினவன் எங்கே?

திருச்சியில் நாற்பது வருஷம் சாணை முன்னால் உட்கார்ந்து எழுந்த ஒரு கல் தொழிலாளி, வாசகர்களின் கேள்விகளுக்குப் பதில் சொல்கிறார்.

கேள்வி: சிறுவர்களுக்காக ஒரு மாயாஜாலத் தொடர்கதை எழுதுகிறேன். 'ஏழ்நிழல்' என்று நானே கற்பனை செய்த உலகம். அங்கே முந்நூறு வருஷத்துக்கு ஒன்றுதான் கிடைக்கும், 'வெயிலுண்ணி' என்கிற கல். எதனாலும் அதைக் கீற முடியாது. கதாநாயகி குகைக்குள் நுழையும்போது நூறு பட்டைகளோடு அது இருட்டில் ஜொலிக்கிறது. கல் வேலை தெரிந்த உங்கள் கண்ணுக்கு இதில் ஏதாவது உறுத்துகிறதா? (வாசகி, கும்பகோணம்)

பதில்: ஜொலிக்கிறது உறுத்தவில்லை அம்மா. நூறு பட்டை என்கிறீர்களே, அதுதான். தீட்டினவன் எங்கே?

மண்ணிலிருந்து வரும் கல்லுக்கும் முகம் உண்டு. வைரம் பெரும்பாலும் எட்டு முகத்தோடு வரும், மரகதம் ஆறு பக்கப் பென்சில் மாதிரி வரும். நூறு வேண்டுமென்றால் ஒருத்தன் அரக்கில் கல்லை ஒட்டி, முதுகு வளைந்து, சாணையில் பிடித்திருக்க வேண்டும். நான் படித்த ராஜா ராணிக் கதை எதிலும் அவன் வந்ததில்லை. கல் வரும், கிரீடம் வரும், சண்டை வரும், இவன் மட்டும் வரமாட்டான்.

சரி, எதனாலும் கீற முடியாத கல்லை எதை வைத்துத் தீட்டினான்? வைரத்துக்கும் இதே சங்கடம்தான். வைரத்தை வைரத்தால்தான் தீட்ட முடியும். வைரத்தைப் பொடித்து, எண்ணெயில் குழைத்து, சக்கரத்தில் தடவித்தான் பட்டை போடுகிறார்கள். அந்தப் பொடியால் எப்படி முடிகிறது என்றால், வைரம் எல்லாத் திசையிலும் ஒரே கடினம் கிடையாது. பொடியில் ஆயிரம் துணுக்கு ஆயிரம் பக்கம் பார்த்துக் கிடக்கும். அதில் கடினமான பக்கம் காட்டுகிற துணுக்கு, எதிரே இருக்கிற கல்லின் மென்மையான பக்கத்தைத் தின்னும்.

அப்படியானால் உங்கள் வெயிலுண்ணியைத் தீட்ட இன்னொரு வெயிலுண்ணியை உடைத்துப் பொடி பண்ணியிருக்க வேண்டும். முந்நூறு வருஷத்துக்கு ஒன்று கிடைக்கிற கல். முன்னால் கிடைத்தது எங்கே போனது? அதை உரலில் போட யாருக்கு மனசு வந்தது? நான் கதை எழுதுகிறவன் இல்லை. ஆனால் என்னைக் கேட்டால் உங்கள் கதை குகையில் ஆரம்பிக்கவில்லை, அந்த உரலில்தான் ஆரம்பிக்கிறது.

இன்னொன்றும் சொல்கிறேன். கல்லின் மாயம் பாதி கல்லில் இருக்கிறது, பாதி அதைத் திருப்பிப் பிடிக்கிற கையில் இருக்கிறது. வைடூரியத்துக்குள்ளே மயிரிழை மாதிரி ஊசிகள் ஒரே பக்கமாகப் படுத்திருக்கும். அந்த ஊசிகள் அடிப்பக்கத்தோடு சமமாகப் படுக்கும்படி கல்லை வைத்து, மேலே பட்டை போடாமல் உருட்டி எடுத்தால்தான் நடுவில் ஒரு ஒளிக்கோடு விழுந்து பூனைக்கண் திறக்கும். குறுக்கே பிடித்து அறுத்துவிட்டால் அது வெறும் மஞ்சள் கூழாங்கல். சந்திரகாந்தக் கல்லும் அப்படித்தான், தப்பாகப் பிடித்தால் அதில் தெரிகிற நிலா மாதிரியான ஒளி ஓரத்துக்குப் போய்விடும். அதற்குச் சூடும் ஆகாது. பதினாறு வயதில் நான் அவசரப்பட்டு அரக்கைக் காய்ச்சி ஒட்டினேன். 'டிக்' என்று ஒரு சத்தம், கல் இரண்டு. அன்றைக்கு வாங்கிய அறையை விட அந்தச் சத்தம்தான் இன்னும் காதில் இருக்கிறது.

அதனால் ஏழ்நிழலில் கல் வேலைக்காரர்களுக்கு ஒரு ஊர் வையுங்கள். மாதிரி வேண்டுமா, ஈரோடு மாவட்டத்தில் நொய்யல் கரையில் கொடுமணல் இருக்கிறது. இரண்டாயிரம் வருஷத்துக்கு முன்னால் கல் மணி செய்த ஊர். தோண்டியதில் முடித்த மணிகளோடு, பாதியில் நின்ற மணிகளும், வேலையில் உதிர்ந்த சில்லுகளும் கிடைத்தன. பாதியில் விட்டுப் போனவன் ஏன் எழுந்து போனான் என்று நான் சில நாள் யோசித்திருக்கிறேன்.

கேள்வி: அதே கதைக்காக இன்னொன்று: கல் தானாக ஒளி விடுவதும் நிறம் மாறுவதும் ரொம்ப ரீல் என்று என் மகன் கிண்டல் செய்கிறான். உண்மையில் அப்படிக் கல் உண்டா?

பதில்: மகனை இரண்டு வெங்கச்சாங்கல் (குவார்ட்ஸ் என்கிற வெள்ளைக் கல்) பொறுக்கி வரச் சொல்லுங்கள். ராத்திரி விளக்கை அணைத்துவிட்டு ஒன்றோடு ஒன்று அழுத்தித் தேய்க்கட்டும். கல்லுக்குள்ளே மங்கலாக வெளிச்சம் ஓடும், கருகல் வாசனையும் வரும். கண்ணுக்குச் சில்லு தெறிக்கும், கண்ணாடி போட்டுக்கொள்ளட்டும்.

நிறம் மாறும் கல்லுக்கு அலெக்சாண்டிரைட். 1830களில் ரஷ்யாவின் யூரல் மலையில் கிடைத்தது, பகலில் பச்சை, மெழுகுவர்த்தி வெளிச்சத்தில் சிவப்பு. நம் வைடூரியத்துக்குக் கூடப்பிறந்தது, இரண்டும் ஒரே கனிமம். அதில் இருக்கிற குரோமியம் மஞ்சளை விழுங்கிவிட்டுப் பச்சையையும் சிவப்பையும் மட்டும் விடுகிறது. எந்த விளக்கில் எது அதிகமோ அது ஜெயிக்கும்.

ஹோப் வைரத்தை எடுத்துக்கொள்ளுங்கள். ஆந்திராவில் கிருஷ்ணா கரைக் கொல்லூரில் தோண்டியது என்கிறார்கள், இப்போது வாஷிங்டன் அருங்காட்சியகத்தில் 45.52 காரட். நீலக் கல் அது. புற ஊதா விளக்கைக் காட்டி அணைத்தால் கொஞ்ச நேரம் தணல் மாதிரிச் சிவப்பாக ஒளிரும். உங்கள் வெயிலுண்ணிக்கு அக்கா என்றே வைத்துக்கொள்ளலாம்.

கேள்வி: அந்தக் கல்லில் ஒரு குறை வைக்க ஆசை. நல்ல தமிழ்ப் பெயர் சொல்லுங்களேன்.

பதில்: சிலப்பதிகாரத்தில் மதுரைக் கடைத்தெருவைப் பாருங்கள். வைரத்தின் குற்றங்களுக்குப் பெயரே இருக்கிறது: காகபாதம், களங்கம், விந்து, ஏகை. ஏகை என்றால் கீற்று. எனக்குப் பிடித்தது காகபாதம். கல்லுக்குள்ளே காக்கா நடந்துவிட்டுப் போன மாதிரி.

கேள்வி: நாகரத்தினம் விற்பதாக ஒருவர் வீட்டுக்கு வந்தார். வாங்கலாமா? (வாசகர், விருதுநகர்)

பதில்: பாம்பு தலையில் கல் கிடையாது. வாசலோடு அனுப்பிவிடுங்கள்.