பெண்களை மட்டம்தட்டும் ஜோக் ‘வெறும் ஜோக்’தானா?

ஒருவர் செய்த காரியத்தை விட்டுவிட்டு, அவர் பெண், கறுப்பர், மாற்றுத்திறனாளி என்பதையே சிரிப்புக்குரியதாக்குவதுதான் பாரபட்ச நகைச்சுவை. வாட்ஸ்அப்பில் தினமும் சுற்றும் மனைவி ஜோக்குகளே போதிய உதாரணம்.

அமெரிக்க உளவியலாளர் தாமஸ் ஃபோர்டும் சகாக்களும் 2008இல் வெளியிட்ட ஆய்வு இதில் முக்கியமானது. பெண்கள்மீது ஏற்கெனவே பகைமை கொண்ட ஆண்கள், பெண்களை இழிவுபடுத்தும் ஜோக்குகளைப் படித்த பிறகு, பெண்கள் அமைப்புக்கு நன்கொடை தரக் குறைவாகவே முன்வந்தார்கள். அதே இழிவைச் சிரிப்பில்லாமல் நேரடிக் கருத்தாகப் படித்தபோது அந்த விளைவு இல்லை. வியப்பாக இருக்கிறது, இல்லையா? நேரடியாகச் சொன்னால் கேட்பவர் உஷாராகிறார். ஜோக்காகச் சொன்னால், ‘இங்கே இதற்கு அனுமதி உண்டு’ என்ற செய்தி சந்தடியில்லாமல் உள்ளே போய்விடுகிறது. கூடவே சிரிப்பவர்கள் அதற்குச் சாட்சி.

சிவப்பு விளக்கில் ஒரு பைக் மீறிப் போவதைப் போன்றது இது. பொறுமையாக நிற்பவர் அசைய மாட்டார். ஆக்ஸிலேட்டரை முறுக்கிக்கொண்டிருந்தவர் பின்னாலேயே கிளம்பிவிடுவார். (கேலிக்கு ஆளானவர் சிரிக்காவிட்டால் ‘நகைச்சுவை உணர்வே இல்லை’ என்ற பட்டமும் கிடைக்கும். கூடுதல் தண்டனை.)

‘அப்படியானால் அரசியல்வாதிகளையும் கேலி செய்யக் கூடாதா?’ என்று பலர் கேட்கிறார்கள். அமைச்சரின் முடிவைக் கிண்டலடிப்பது இதில் சேராது, அவருடைய நிறத்தையோ சாதியையோ கிண்டலடிப்பது சேரும்.