ஒரு ரன் கூட எடுக்காதவரை, ஏன், மட்டையே பிடிக்காதவரை, கவுண்டி (இங்கிலாந்தின் மாவட்ட அணி) கிரிக்கெட் வீரர் என்று கணக்கில் சேர்ப்பது எப்படி?

கவுண்டி அணிக்காக ஒரு முதல்தரப் போட்டியில் இடம்பெற்றிருந்தாலே போதும். முதல்தரப் போட்டி என்பது, பதினொருவர் கொண்ட இரு அணிகளுக்கிடையே மூன்று நாளோ அதற்கு மேலோ நடத்தத் திட்டமிடப்பட்டு, அந்தத் தகுதி முறையாக வழங்கப்பட்ட ஆட்டம். எத்தனை நாள் ஆடத் திட்டமிட்டார்கள் என்பதே அளவுகோல். எவ்வளவு நேரம் ஆடினார்கள் என்பதல்ல.

இதற்குச் சிறந்த சான்று ஃபிரெடரிக் ஹைலண்ட். 1924இல் நார்தாம்ப்டனில், நார்தாம்ப்டன்ஷயருக்கு எதிராக ஹாம்ப்ஷயர் அணியில் அவர் இடம்பெற்றார். மழையால் அந்த ஆட்டத்தில் வீசப்பட்டவை இரண்டே ஓவர்கள். எதிரணி விக்கெட் இழப்பின்றி 1 ரன் எடுத்திருந்தது. அந்த இரண்டு ஓவர் நேரம் களத்தில் நின்றதுதான் அவரது முதல்தர வாழ்க்கை முழுவதும், ஏனெனில் அதன்பின் அவர் முதல்தர ஆட்டம் எதிலும் ஆடவில்லை. பிற்காலத்தில் செஷயரில் நாற்றுப் பண்ணைத் தொழிலில் அவர் நற்பெயர் ஈட்டினார் என்பதை அறியும்போது மனம் நிறைகிறது.

காலையில் வருகைப் பதிவேட்டில் பெயர் ஏறிய பிறகு மழைக்காகப் பள்ளியை விட்டுவிட்டாலும், வந்த மாணவருக்கு அன்றைய வருகை உண்டல்லவா? அதுபோல, முதல் பந்து வீசப்பட்டதுமே ஆட்டம் பதிவாகிவிடுகிறது. ஒரு பந்துகூட வீசப்படாமல் கைவிடப்பட்டால் மட்டுமே அது கணக்கில் வராது.

ஹைலண்டின் மட்டைவீச்சுச் சராசரி பூஜ்யம் என்று பலர் எண்ணுவது தவறு: ரன்களை ஆட்டமிழந்த எண்ணிக்கையால் வகுப்பதே சராசரி என்பதால், ஆட்டமிழக்கவே வாய்ப்பில்லாத அவருக்குச் சராசரி என்ற ஒன்றே கிடையாது.