சோளக்காட்டில் சுடுமல்லி: பிடுங்கியும் ஏன் குறையவில்லை?

நாமக்கல் பக்கத்திலிருந்து ஒரு விவசாயி கேட்டிருக்கிறார்: "இரண்டு ஏக்கர் மானாவாரி நிலத்தில் ஐந்தாறு ஆண்டுகளாகச் சோளம்தான் விதைக்கிறேன். இந்த ஆண்டு மழை பெய்து மண்ணில் ஈரம் இருந்தும் பயிர் வாடி, குட்டையாக நிற்கிறது. தூரைச் சுற்றி ஒரு சாண் உயரத்தில், வெள்ளைப் பூவோடு சிறு செடிகள். சென்ற ஆண்டே பிடுங்கினேன். இப்போது இன்னும் அதிகம். எந்தக் களைக்கொல்லி அடிக்கலாம்?"

அது சுடுமல்லி, ஸ்ட்ரைகா என்ற ஒட்டுண்ணிப் பேரினத்தைச் சேர்ந்தது. சந்தேகம் இருந்தால் ஒரு சோளத் தூரை மண்ணோடு தோண்டி, வேரைத் தண்ணீரில் மெதுவாக அலசிப் பாருங்கள். சுடுமல்லியின் அடிப்பகுதி சோள வேரைக் கவ்விக்கொண்டிருப்பது தெரியும். இலை பச்சையாக இருந்தாலும் அது தன் உழைப்பில் வாழ்வதில்லை. நீர், சத்து, பயிர் தயாரித்த சர்க்கரை எல்லாவற்றையும் அந்த இணைப்பு வழியாக இழுக்கிறது. கடும் வெயிலிலும் தன் இலைத்துளைகளை மூடாமல் நீரை ஆவியாக்கிக்கொண்டே இருக்கும். ஈரமான மண்ணில் உங்கள் பயிர் வாடியதற்குக் காரணம் இதுதான்.

களைக்கொல்லியைப் பற்றிக் கேட்டீர்கள். வருத்தமாக இருந்தாலும் சொல்லித்தான் ஆக வேண்டும்: இந்த ஆண்டு இழந்த மகசூலை எந்த மருந்தும் திருப்பித் தராது. சுடுமல்லி மண்ணுக்கு மேலே தலைகாட்டுவதற்குள் நான்கு முதல் ஏழு வாரம் மண்ணுக்குள்ளேயே பயிரை உறிஞ்சியிருக்கும். நீங்கள் கண்ணால் பார்க்கும்போது பெரும்பகுதிச் சேதம் முடிந்துவிட்டது. இனி கவனிக்க வேண்டியது மண்ணில் கிடக்கும் விதையை.

தூசு போன்ற அந்த விதையை ஒரு செடி பல்லாயிரக்கணக்கில் உதிர்க்கும். மண்ணில் பத்து ஆண்டுகளுக்கு மேலும் உயிரோடு கிடக்கும். ஈரம் மட்டும் கிடைத்தால் அது முளைக்காது. பக்கத்தில் ஒரு வேர் இருக்கிறது என்ற ரசாயனச் செய்தி வந்தால்தான் முளைக்கும். 1966-ல் அந்தப் பொருளைப் பிரித்தெடுத்து ஸ்ட்ரைகால் என்று பெயரிட்டார்கள். வியப்பு என்னவென்றால், அது கிடைத்தது பருத்தி வேரிலிருந்து. பருத்தியைச் சுடுமல்லியால் ஒட்டவே முடியாது! பருத்தி வேரை நம்பி முளைத்த விதை, பற்றிக்கொள்ள இடமில்லாமல் சில நாட்களில் செத்துவிடும்.

உங்களுக்கு நான் சொல்ல விரும்பும் வழியும் இதுவே. அடுத்த பருவத்தில் சோளத்தை விட்டுவிட்டுப் பருத்தி, நிலக்கடலை, தட்டைப்பயறு இவற்றில் ஒன்றைப் போடுங்கள். சோளத்துக்குப் பதிலாக மக்காச்சோளம் போடலாமே என்று எண்ண வேண்டாம். அதையும் கரும்பையும்கூடச் சுடுமல்லி விடாது. ஓர் ஆண்டு மாற்றினால் விதை தீர்ந்துவிடாது, இரண்டு மூன்று ஆண்டுகளாவது பொறுத்துக்கொள்ள வேண்டும். மாட்டுக்குச் சோளத்தட்டை வேண்டுமே என்றால், தீவனச் சோளத்தை நெருக்கமாக விதைத்து, சுடுமல்லி பூக்கும் முன்பே அறுத்து, உடனே உழுதுவிடுங்கள். அதுவும் விதையைக் குறைக்கும். ஆனால் ஒரு வாரம் தாமதித்துப் பூ காய்த்துவிட்டால் பலன் தலைகீழாகிவிடும்.

மண்ணின் வளத்தையும் பாருங்கள். சத்து குறைந்த நிலத்தில்தான் இந்தக் களை தலைவிரித்தாடும். மணிச்சத்து (பாஸ்பரஸ்) பற்றாத பயிர், தனக்கு உதவும் வேர்ப்பூசணத்தை அழைக்க அதே வகைப் பொருளை அதிகமாகச் சுரக்கிறது. அந்த அழைப்பு சுடுமல்லி விதைக்கும் கேட்டுவிடுகிறது. மண் பரிசோதனை செய்து தழைச்சத்தும் (நைட்ரஜன்) மணிச்சத்தும் குறையாமல் கொடுங்கள். தொழுவுரம் நன்றாக மக்கியதாக இருக்கட்டும். சுடுமல்லி கலந்த தட்டையைத் தின்ற மாட்டின் பச்சைச் சாணத்தை வயலில் கொட்டாதீர்கள்.

2,4-டி சோடியம் உப்பு என்ற களைக்கொல்லி, வெளியே வந்த சுடுமல்லியைக் கொல்லும். விதைப்பெருக்கம் குறையும், அவ்வளவுதான். அளவை உங்கள் வேளாண் அலுவலரிடம் கேட்டு அடியுங்கள். பக்கத்துக் காட்டில் பருத்தியோ பயறோ இருந்தால், காற்றில் பறக்கும் துளிகூட அதைக் கருக்கிவிடும். ஊடுபயிராகத் தட்டைப்பயறு இருக்கும் வயலில் இதைத் தொடவே கூடாது.

சென்ற ஆண்டு பிடுங்கியும் குறையவில்லை என்பதால் பிடுங்குவதே வீண் என்று நினைக்காதீர்கள். நீங்கள் பிடுங்கியது பூ காய்த்த பிறகாக இருக்கும் என்று ஊகிக்கிறேன். இரண்டு ஏக்கர்தானே, வாரம் ஒருமுறை நடந்து, மொட்டு விடும் முன்பே பிடுங்குங்கள். பூத்த செடியை வரப்பில் போட வேண்டாம், அங்கேயே காய் முற்றி விதை சிதறும். சாக்கில் அள்ளிச் சென்று எரித்துவிடுங்கள். அடர்த்தியாக வந்த இடங்களில் குச்சி நட்டு அடையாளம் வைத்துக்கொண்டு, உழும்போது அவற்றைக் கடைசியாக உழச் சொல்லுங்கள். டிராக்டர் அடுத்த காட்டுக்குப் போகும் முன் கொழுவில் ஒட்டிய மண்ணை உங்கள் நிலத்திலேயே சுரண்டிவிடுங்கள்.